குச்சி ‘கீழ்’ என்று வந்த பிறகு திரும்பக் கேட்கலாமா? சீனர்களின் குறியும் விதியும்

மழைக்காகம் எழுதியது:

போன ஞாயிற்றுக்கிழமை பார்த்ததை அப்படியே எழுதுகிறேன். விவரம் தெரிந்தவர்கள் விளக்குங்கள்.

சிங்கப்பூரில் என்னோடு வேலை பார்க்கும் சீனத் தோழி ஒருத்தி. அவளுடைய அம்மாவுக்கு மூட்டு அறுவை சிகிச்சை செய்வதா, தள்ளிப் போடுவதா என்று வீட்டில் ஒரு மாதமாகப் பேச்சு. கடைசியில், “வாட்டர்லூ தெரு குவான் இம் கோயிலுக்குப் போறேன், கூட வா” என்றாள். குவான் இம் என்பது சீனர்களின் கருணைத் தெய்வம். எனக்குப் பழகிய தெருதான். இரண்டு எட்டு வைத்தால் நம்ம கிருஷ்ணன் கோயில். குவான் இம்மைக் கும்பிட்டு வரும் சீனர்கள் பலர் அங்கேயும் நின்று ஊதுபத்தி காட்டிவிட்டுத்தான் போவார்கள்.

உள்ளே மண்டியிட்டு உட்கார்ந்தாள். மூங்கில் குவளை நிறைய எண் போட்ட குச்சிகள். அம்மா பெயர், வீட்டு முகவரி எல்லாம் மனதுக்குள் சொல்ல வேண்டுமாம். அப்புறம் குவளையைச் சாய்த்துப் பிடித்துக் குலுக்க ஆரம்பித்தாள். ஒரே ஒரு குச்சி மட்டும் மற்றவற்றை விட்டு மெல்ல மெல்ல வெளியே நகர்ந்து வந்து கீழே விழுந்தது. அதோடு முடிந்தது என்று நினைத்தேன். இல்லை. பக்கத்தில் இரண்டு சிவப்பு மரத்துண்டுகள் இருந்தன. முந்திரிப் பருப்பைப் பிளந்தது மாதிரி ஒரு பக்கம் தட்டை, ஒரு பக்கம் உப்பல். இரண்டையும் சேர்த்துத் தரையில் போட்டாள். இரண்டும் தட்டைப் பக்கம் மேலே. “சாமி சிரிக்குது, இது என் குச்சி இல்லை” என்று திரும்பக் குவளையில் போட்டுவிட்டாள். இரண்டாவது குச்சிக்கு இரண்டும் உப்பல் பக்கம் மேலே, அதாவது “இல்லை”. மூன்றாவது குச்சிக்குத்தான் ஒன்று தட்டை, ஒன்று உப்பல். அதுதான் “ஆமாம்”.

அந்த எண்ணுக்கு உரிய சீட்டை வாங்கிப் படித்தாள். தரம்: கீழ். எனக்குத்தான் முகம் விழுந்துவிட்டது. அவள் சீட்டை நாலாக மடித்துப் பையில் வைத்துக்கொண்டு, “சரி, இந்த மாசம் வேண்டாம். இன்னொரு டாக்டரையும் பார்த்துட்டு அடுத்த மாசம் வந்து கேட்கிறேன்” என்றாள்.

என் கேள்வி இதுதான். விதி எழுதியாகிவிட்டது என்றால் அடுத்த மாதம் கேட்பதில் என்ன இருக்கிறது? எழுதப்படவில்லை என்றால் குச்சியிடம் ஏன் கேட்க வேண்டும்?

---

பழைய ஏடு எழுதியது:

நல்ல கேள்வி. இதற்குப் பதில் சொல்ல மூவாயிரத்துச் சொச்சம் வருடம் பின்னால் போக வேண்டியிருக்கிறது. பொறுமையாகப் படியுங்கள்.

சீன மொழியில் நமக்குக் கிடைத்திருக்கும் மிகப் பழைய எழுத்தே குறி கேட்டதன் பதிவுதான். வடசீனத்தில் அன்யாங் நகரத்துக்குப் பக்கத்தில் ஷாங் வம்சத்தின் கடைசித் தலைநகரம் இருந்தது. மாட்டின் தோள்பட்டை எலும்பு, ஆமையின் வயிற்றுப் பக்க ஓடு, இவற்றின் பின்பக்கத்தில் சின்னச் சின்னக் குழிகளாகக் குடைவார்கள். குழியில் சூடு வைத்தால் முன்பக்கம் பட்டென்று வெடித்துக் கீறல் விழும். ஒரு நெடுங்கோடு, அதிலிருந்து பக்கவாட்டில் கிளம்பும் ஒரு சின்னக் கோடு. குறி பார்ப்பதற்கான சீன எழுத்து ‘பு’ இன்றைக்கும் அந்தக் கீறலின் வடிவம்தான்.

இந்த எலும்புகள் மண்ணுக்குள் கிடந்து, பிற்காலத்தில் ‘டிராகன் எலும்பு’ என்று நாட்டு மருந்துக் கடைகளில் விற்றன. பொடி செய்து குடித்துவிடுவார்கள். 1899இல் பெய்ஜிங்கில் வாங் யீரோங் என்ற அறிஞர் அதில் இருப்பது பழைய எழுத்து என்று கண்டுகொண்டார். அதற்கு முன் எத்தனை எலும்பு கஷாயமாகப் போயிற்றோ என்று நினைத்தால் எனக்கு இன்றும் வயிற்றைப் பிசைகிறது.

இப்போது உங்கள் கேள்விக்கு வருகிறேன். கி.மு. 13ஆம் நூற்றாண்டில் ஆண்ட அரசன் வூ டிங். அவன் மனைவிகளில் ஒருத்தி ஃபூ ஹாவ், படை நடத்தியவள். 1976இல் அவள் கல்லறை கொள்ளை போகாமல் முழுதாகக் கிடைத்தது. அவள் பிரசவம் பற்றி ஒரு ஓட்டில் இருப்பதன் சாரம் இது: “ஃபூ ஹாவின் பிரசவம் நல்லபடி ஆகும்.” அரசன் கீறலைப் பார்த்துச் சொல்கிறான்: “டிங் நாளில் பிறந்தால் நல்லது, கெங் நாளில் பிறந்தால் மிக நல்லது.” அதற்குக் கீழே: “முப்பத்தோராம் நாள், ஜியாயின் நாளில் பிறந்தது. நல்லதாக இல்லை. பெண்.” (டிங், கெங், ஜியாயின் எல்லாம் பழைய சீன நாட்காட்டியில் நாட்களின் பெயர்கள்.)

அந்தக் கடைசி வரி மனதை அறுக்கிறது. அதைத் தனியே வைத்துவிட்டு அமைப்பை மட்டும் பாருங்கள். ஒன்று, அரசன் “இப்படி நடக்கும்” என்று சொல்லவில்லை. இந்த நாள் என்றால் இப்படி, அந்த நாள் என்றால் அப்படி என்கிறான். இரண்டு, பெரும்பாலும் ஒரே விஷயத்தை இரண்டு விதமாகக் கேட்பார்கள். “நல்லபடி ஆகும்” என்று ஒரு பக்கம், “நல்லபடி ஆகாது” என்று எதிர்ப்பக்கம். உங்கள் தோழி போட்ட மரத்துண்டுகளில் இருக்கும் ‘ஆமாம் – இல்லை’யின் பூர்வீகமே இந்தப் பழக்கம்தான் என்பது என் எண்ணம். வூ டிங் தன் பல்வலிக்குக்கூட, எந்த முன்னோரின் கோபம் இது என்று கேட்டிருக்கிறான். கேட்டதற்கு ஏற்பப் படையல் போடுவான். நடக்கப்போவதைத் தெரிந்துகொண்டு சும்மா உட்கார அவர்கள் குறி கேட்கவில்லை. அடுத்து என்ன செய்வது என்று தீர்மானிக்கத்தான் கேட்டார்கள்.

---

ஐயம் தீரா எழுதியது:

பழைய ஏடு ஐயாவின் பதிவுக்கு நன்றி. ஆனால் ஒன்றைச் சொல்லியே ஆக வேண்டும். நூறு குச்சியில் ஒன்று விழுகிறது. பிடிக்கவில்லை என்றால் அடுத்த மாதம் இன்னொன்று. இப்படிக் கேட்டுக்கொண்டே போனால் என்றாவது ஒருநாள் ‘மேல்’ வரத்தான் செய்யும். இதில் தெய்வ வாக்கு எங்கே இருக்கிறது?

இந்தச் சந்தேகம் மேற்கத்தியக் கல்வி கொடுத்தது என்று யாரும் சொல்லிவிட வேண்டாம். கி.மு. 3ஆம் நூற்றாண்டிலேயே சீனத் தத்துவ அறிஞர் சுன் ட்ஸு எழுதிவிட்டார். மழை வேண்டிப் பூசை செய்தோம், மழை வந்ததே, அது என்ன என்று கேட்டால் அவர் பதில்: ஒன்றுமில்லை, பூசை செய்யாமலே மழை வருவது போலத்தான். குறி பார்த்துப் பெரிய காரியங்களை முடிவு செய்வதும் அப்படித்தான். படித்தவர் அதை ஒரு சடங்கு அழகாகப் பார்க்கிறார், மக்கள் தெய்வச் செயலாகப் பார்க்கிறார்கள் என்கிறார். அவருக்கும் முன்னால் மோ ட்ஸு என்ற இன்னொரு அறிஞர், ‘விதிக்கு எதிராக’ என்றே கட்டுரை எழுதினார். எல்லாம் விதி என்று நம்பினால் அரசன் ஆட்சியைக் கவனிக்க மாட்டான், உழவன் வயலுக்குப் போக மாட்டான் என்பது அவர் வாதம்.

---

கவுலூன் வாசி எழுதியது:

ஹாங்காங்கில் பதினாறு வருடம் இருந்தவன் என்ற முறையில் ஒரு நிகழ்ச்சியைச் சொல்கிறேன்.

சா டின் பகுதியில் சே குங் கோயில் இருக்கிறது. சந்திரப் புத்தாண்டின் இரண்டாம் நாள் அங்கே ஹாங்காங் முழுமைக்குமாக ஒருவர் குச்சி எடுப்பார். 2003இல் எடுத்தது அரசின் உள்துறைச் செயலர். வந்தது 83ஆம் எண், கீழ்த்தரம். பாய் விரித்துப் போகும் படகு பாதி வழியில் அலையில் மாட்டிக்கொள்வதாகப் பாட்டு. சில வாரங்களில் சார்ஸ் என்ற மூச்சுத் தொற்றுநோய். ஹாங்காங்கில் மட்டும் 1,755 பேருக்கு நோய், 299 பேர் இறந்தார்கள். அதற்குப் பிறகு கிராமங்களின் பிரதிநிதி அமைப்பான ஹியூங் யீ குக்கின் தலைவர் எடுக்கும் வழக்கம் வந்தது. இன்றும் ஹாங்காங்காரர்களிடம் குச்சியைப் பற்றிப் பேசினால் முதலில் 2003தான் வாயில் வரும்.

வொங் டாய் சின் கோயிலிலும் குச்சி விசேஷம். கோயிலை ஒட்டி வரிசையாகக் குறிசொல்பவர்களின் கடைகள். ஒரு கடையில் கேட்ட அதே எண்ணைக் கொண்டுபோய் அடுத்த கடையிலும் கேட்பார்கள். எண் ஒன்றுதான், அதற்குச் சொல்லும் பொருள் கடைக்குக் கடை மாறும்.

---

ஐயம் தீரா எழுதியது:

கவுலூன் வாசி, 2003 உதாரணத்தை நானும் யோசித்திருக்கிறேன். பக்கத்து குவாங்டோங் மாகாணத்தில் 2002 நவம்பரிலேயே நோய் தொடங்கிவிட்டது. குச்சி விழுந்தபோது அது வந்துகொண்டுதான் இருந்தது. ‘கீழ்’ வந்து ஒன்றும் நடக்காத வருடம் யார் நினைவில் நிற்கும்?

எட்டு எழுத்து ஜாதகத்தையும் எடுத்துக்கொள்ளுங்கள். வருடம், மாதம், நாள், பிறந்த வேளை, ஒவ்வொன்றுக்கும் இரண்டு எழுத்து. வேளை என்றால் நாளைப் பன்னிரண்டாகப் பிரித்த இரண்டு மணி நேரக் கூறு. வருடத்துக்கு 60, மாதத்துக்கு 12, நாளுக்கு 60, வேளைக்கு 12. பெருக்கினால் 5,18,400 ஜாதகங்கள்தான். சீன மக்கள்தொகை 140 கோடி என்று வைத்தால் ஒரே ஜாதகத்தில் சராசரியாக 2,700 பேர். அத்தனை பேருக்கும் ஒரே வாழ்க்கையா?

---

பினாங்கு மாப்பிள்ளை எழுதியது:

எட்டு எழுத்து என்றதும் எழுதாமல் இருக்க முடியவில்லை. என் கல்யாணமே அதில் மாட்டிக்கொண்டு வெளியே வந்தது.

என் மனைவி பினாங்குச் சீனக் குடும்பம். நான் 1974, அவள் 1980. பெண் கேட்டுப் போனபோது மாமியார் கேட்ட முதல் கேள்வி, “தம்பி எந்த வருஷம்?” நான் சொன்னதும் விரலை மடக்கி எண்ணினார். முகம் மாறிவிட்டது. சீனர்களின் பன்னிரண்டு வருட மிருகங்களில் நான் புலி, அவள் குரங்கு. ஆறு வருட வித்தியாசம் என்றாலே நேர் எதிர். புலிக்கும் குரங்குக்கும் ஆகவே ஆகாது என்பார்கள்.

ஆனால் மாமியார் “முடியாது” என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. என் அம்மா பத்திரமாக வைத்திருந்த ஜாதக நோட்டில் இருந்து பிறந்த நேரத்தை வாங்கிக்கொண்டு கணிப்பவரிடம் போனார். வருட மிருகம் எட்டில் ஒரு எழுத்துதான், முழுசாகப் பார்க்க வேண்டும் என்று அவர் சொல்லியிருக்கிறார். பஞ்சாங்கத்தை வைத்து இருவருக்கும் இடிக்காத ஒரு நாளைக் குறித்துக் கொடுத்தார். தேநீர்ச் சடங்குக்கு நேரமும் குறித்தார். மாமியார் அந்தச் சிவப்புத் தாளை இன்னும் தன் அலமாரியில் வைத்திருக்கிறார்.

ஐயம் தீரா கணக்கு சரியாகவே இருக்கலாம். ஆனால் அந்தக் கணிப்பவர் என் மாமியாருக்குக் கொடுத்தது எதிர்காலம் பற்றிய செய்தி இல்லை. தன் பயத்தைச் சொந்தக்காரர்கள் முன்னால் கௌரவமாக இறக்கி வைக்க ஒரு வழி. அதற்காக அவருக்கு நான் நன்றியோடுதான் இருக்கிறேன்.

---

செம்பருத்தி எழுதியது:

பினாங்கு அண்ணா, உங்களுக்கு நல்லவர் வாய்த்தார். எல்லோருக்கும் அப்படி வாய்ப்பதில்லை. கிள்ளானில் எங்கள் பக்கத்து வீட்டுச் சீனக் குடும்பத்தில் அப்பாவுக்குப் புற்றுநோய். ‘விதியை மாற்றித் தருகிறேன்’ என்று ஒருவர் வந்தார். வாசல் திசை சரியில்லை என்று கதவை இடித்தார்கள். அப்புறம் ஒரு கல், அப்புறம் ஒரு பூசை. ஒவ்வொரு முறையும் காசு. ஆன்ட்டி நகையை விற்றது எங்கள் அம்மாவுக்கு மட்டும்தான் தெரியும். அங்கிள் இறந்த பிறகு அந்த மனிதர் சொன்னது: “நீங்கள் முழு மனதோடு செய்யவில்லை.” அந்த வார்த்தைதான் ஆன்ட்டியை உடைத்தது, காசு இல்லை.

விதியை மாற்ற முடியும் என்ற நம்பிக்கை வந்தாலே, மாறாதபோது பழி கேட்டவர் தலையில் விழுகிறது. அதையும் இங்கே பேச வேண்டும்.

---

பழைய ஏடு எழுதியது:

செம்பருத்தி, நீங்கள் சொன்னதைப் படித்துவிட்டு நேற்று எதுவும் எழுத முடியவில்லை. ‘விதியை மாற்றுவது’ என்ற பேச்சு எங்கிருந்து வந்தது, அது முதலில் என்ன பொருளில் இருந்தது என்பதைச் சொன்னால் அந்த மனிதர் செய்த அநியாயம் இன்னும் தெளிவாகத் தெரியும்.

மிங் வம்சக் காலத்தில் யுவான் லியாவ்ஃபான் என்பவர். 1533இல் பிறந்தவர். சின்ன வயதில் அப்பா போய்விட்டார். அரசுத் தேர்வெல்லாம் வேண்டாம், வைத்தியம் படி என்றாள் அம்மா. அப்போது யுன்னானிலிருந்து வந்த கோங் என்ற நீளத் தாடிக் கிழவர் ஒருவர், நீ உத்தியோகத்துக்கு உரியவன் என்று சொல்லி, கணக்குப் போட்டுக் கொடுத்தார். ஊர்த் தேர்வில் 14ஆம் இடம், அடுத்த கட்டத்தில் 71ஆம் இடம், மாகாணக் கல்வி அதிகாரியின் தேர்வில் 9ஆம் இடம். மூன்றும் அப்படியே பலித்தன. மாணவருக்கு அரசு கொடுக்கும் தானியப் படி மொத்தம் 91 ‘தான்’, 5 ‘தோவ்’ (இரண்டும் பழைய சீன முகத்தல் அளவுகள்) ஆகும்போதுதான் அடுத்த நிலைக்குப் போவாய் என்றும் எழுதியிருந்தார். 71 ‘தான்’ அளவு ஆகும்போதே ஒரு அதிகாரி உயர்வு கொடுத்துவிட்டார். கணிப்பு தவறிவிட்டது என்று இவர் நினைத்தார். அடுத்து வந்த அதிகாரி அதைத் திருப்பி அனுப்பினார். வருடங்கள் கழித்து வேறொருவர் அனுமதித்தபோது கூட்டிப் பார்த்தால் சரியாக 91 ‘தான்’, 5 ‘தோவ்’!

அதோடு மனிதர் ஆசையையே விட்டுவிட்டார். ஏனென்றால் கணிப்பின் கடைசி வரிகளும் அவருக்குத் தெரியும். 53 வயதில், எட்டாம் மாதம் 14ஆம் தேதி, சொந்தக் கட்டிலில் மரணம். பிள்ளை கிடையாது.

1569இல் நான்ஜிங் பக்கம் சிஷியா மலையில் யுன்கு என்ற துறவியைப் பார்க்கப் போனார். மூன்று பகல், மூன்று இரவு எதிரெதிரே உட்கார்ந்திருக்கிறார்கள். உன் மனதில் ஒரு எண்ணமும் ஓடவில்லையே, எப்படி என்று துறவி வியந்து கேட்கிறார். எல்லாம் தீர்மானமாகிவிட்டது, நினைக்க என்ன இருக்கிறது என்கிறார் இவர். துறவி சிரித்துவிட்டு, உன்னைப் பெரிய ஆள் என்று நினைத்தேன், நீ சாதாரண மனிதன்தான் என்கிறார். இருபது வருடமாக அந்தக் கணக்கிலிருந்து ஒரு மயிரிழைகூட நகராமல் இருந்திருக்கிறாயே என்பதுதான் அவர் குற்றச்சாட்டு.

அன்றைக்கு இவர் மூவாயிரம் நற்செயல் செய்வதாக வேண்டிக்கொண்டார். முடிக்கப் பத்து வருடத்துக்கு மேல் ஆனது. செய்தது, தவறியது எல்லாவற்றையும் நோட்டில் எழுதுவார். மனைவிக்கு எழுதத் தெரியாது. அந்த அம்மாள் வாத்து இறகின் குழலைச் சிவப்பு மையில் தோய்த்து, ஒவ்வொரு நற்செயலுக்கும் நாட்காட்டியில் ஒரு வட்டம் பதிப்பாராம். ஏழைகளுக்குச் சாப்பாடு, உயிருள்ள மீனை வாங்கி ஆற்றில் விடுவது. ஒரு நாளில் பத்துக்கு மேல் வட்டம் விழுந்த நாளும் உண்டு. எனக்கு அந்தக் கதையிலேயே மிகவும் பிடித்தது அந்தச் சிவப்பு வட்டங்கள்தான். 1581இல் பிள்ளை பிறந்தது. 1586இல் உயர்ந்த தேர்வில் தேறினார். 53 வயதில் ஒரு நோயும் வரவில்லை. தன் 69ஆவது வயதில் இதையெல்லாம் அந்த மகனுக்கு எழுதி வைத்தார். ‘நான்கு பாடங்கள்’ என்று இன்றும் சீனக் கோயில்களில் இலவசமாகக் கொடுப்பது அதுதான்.

கோங் கிழவர் காசு பறித்ததாக அதில் ஒரு வரி கிடையாது. விதியை மாற்றித் தருகிறேன் என்று யுன்குவும் சொல்லவில்லை, நீயே செய் என்றார். கிள்ளானுக்கு வந்தவர் இந்த மரபின் பெயரைச் சொல்லித் திருடியவர்.

---

ஐயம் தீரா எழுதியது:

கதை அழகு. ஆனால் வென்றவர் தானே எழுதிய கதை. மூவாயிரம் நற்செயல் செய்தும் பிள்ளை பிறக்காதவர் புத்தகம் எழுதியிருக்க மாட்டார். செம்பருத்தி வீட்டுப் பக்கத்து ஆன்ட்டிக்கு நடந்ததன் விதை இந்தக் கதையிலேயே இருக்கிறது என்றுதான் எனக்குப் படுகிறது.

---

பழைய ஏடு எழுதியது:

அதை மறுக்க என்னிடம் வாதம் இல்லை, தம்பி. அந்தப் பட்டியல் முறையைச் சொர்க்கத்தோடு பேரம் என்று கண்டித்த சீன அறிஞர்களும் உண்டு.

இன்னும் ஒன்றை மட்டும் சேர்க்கிறேன். சீனத்தில் விதிக்குச் சொல் ‘மிங்’. அந்த எழுத்துக்குள் ‘கட்டளை’ என்ற எழுத்தும் ‘வாய்’ என்ற எழுத்தும் இருக்கின்றன. ஆணை என்பதுதான் அடிப்படைப் பொருள். கி.மு. 11ஆம் நூற்றாண்டில் ஷாங்கை வீழ்த்திய சோவ் வம்சம், வானத்தின் ஆணை எங்களுக்கு வந்துவிட்டது என்றுதான் சொல்லிக்கொண்டது. ஆணை ஒருவரிடம் இருந்து இன்னொருவருக்குப் போகும் என்ற நினைப்பு அங்கே ஆரம்பத்திலேயே இருக்கிறது. கன்ஃபூசியஸ் ஐம்பது வயதில் வானத்தின் ஆணையை அறிந்தேன் என்றபோதும் அதே சொல்தான். நம் ‘விதி’யிலும் இது உண்டே, தலைவிதி என்கிறோம், சட்டவிதி என்கிறோம். ‘மிங்’ பக்கத்தில் அவர்கள் ‘யுன்’ என்று இன்னொரு சொல்லையும் சேர்த்துவிடுவார்கள். நகர்வது, ஓடுவது என்று அதற்குப் பொருள். ஜாதகத்தில் பத்து வருடத்துக்கு ஒருமுறை மாறுவது அந்த யுன்.

---

கணக்கு டீச்சர் எழுதியது:

இழையில் ஐ சிங் என்ற பழைய சீனக் குறி நூலைப் பற்றி யாரும் பேசவில்லையே. 64 குறிகள், ஒவ்வொன்றிலும் ஆறு கோடு. முழுக்கோடு யாங், நடுவில் உடைந்த கோடு யின். ஐம்பது தண்டு எடுத்து ஒன்றைத் தனியே வைத்துவிட்டு 49ஐ இரண்டாகப் பிரித்து, நாலு நாலாகக் கழிக்க வேண்டும். ஒரு கோட்டுக்கு மூன்று முறை, ஆறு கோட்டுக்குப் பதினெட்டு முறை. நான் ஐஸ்குச்சி வைத்துச் செய்து பார்த்தேன்; அவசரமே இல்லாமல் அரைமணி நேரம் போனது. இப்போது பலர் மூன்று காசு சுண்டி முடித்துவிடுகிறார்கள். இரண்டும் ஒன்று இல்லை! ‘மாறும்’ கோடுகள் இரண்டு வகை. காசில் இரண்டுக்கும் சம வாய்ப்பு, எட்டில் ஒன்று. தண்டு முறையில் மாறும் யாங் பதினாறில் மூன்று, மாறும் யின் பதினாறில் ஒன்று. யின் அவ்வளவு சுலபமாக அசையாது. கோடு மாறினால் குறியே வேறொரு குறியாகிவிடும், அதையும் சேர்த்துத்தான் படிக்க வேண்டும். மழைக்காகத்தின் கேள்விக்கு இதுவும் ஒரு பதில்தான் என்று நினைக்கிறேன். விழுந்த குறிக்குள்ளேயே அது எதுவாக மாறப்போகிறது என்பதும் இருக்கிறது.

---

மழைக்காகம் எழுதியது:

ஆறு வாரம் கழித்து வருகிறேன், மன்னியுங்கள். எல்லாப் பதிவையும் படித்தேன். சிவப்பு வட்டம் போட்ட அம்மாள் கதையைத் தோழியிடம் சொன்னேன். அவள் பாட்டி வீட்டில் அந்தப் புத்தகம் இருந்ததாம், ஆனால் யாரும் அவளுக்கு அந்தப் பகுதியைச் சொன்னதில்லையாம்.

அவள் இரண்டாவது டாக்டரைப் பார்த்தாள். முதலில் சர்க்கரையைக் கட்டுக்குள் கொண்டுவாருங்கள், அப்புறம் செய்யலாம் என்றிருக்கிறார். ஐயம் தீரா, குச்சி இல்லாவிட்டாலும் ஒரு நல்ல டாக்டர் இதைத்தான் சொல்லியிருப்பார் என்று நீங்கள் சொல்வீர்கள். அவளிடமே கேட்டேன். “குச்சி வராம இருந்தா நான் ரெண்டாவது டாக்டர்கிட்ட போயிருக்கவே மாட்டேன், அம்மா வற்புறுத்தினாங்கன்னு சரின்னு சொல்லியிருப்பேன்” என்றாள்.

அடுத்த மாதம் திரும்பக் கேட்டாள். முதல் குச்சிக்கே மரத்துண்டு ‘ஆமாம்’ என்றது. தரம்: நடு. அவளுக்கு அது போதும். சிகிச்சை முடிந்து அம்மா வீட்டுக்குள் கைத்தடியோடு நடக்கிறார்.

செம்பருத்தி, உங்கள் பதிவையும் அவளுக்கு மொழிபெயர்த்துச் சொன்னேன். ரொம்ப நேரம் பேசாமல் இருந்துவிட்டு, அந்த ஆன்ட்டி இப்போது எப்படி இருக்கிறார் என்று கேட்டாள். முடிந்தால் சொல்லுங்கள்.

நாளைக்கு நேர்த்தி செலுத்தப் போகிறோம். ஆரஞ்சும் எண்ணெயும் அவள் வாங்கிவிட்டாள், தாமரை மட்டும் அங்கே தெருவில் வாங்க வேண்டும். கிருஷ்ணனுக்கும் தாமரை வைக்கலாமா என்று கேட்டாள். வைக்கலாம், இரண்டு கட்டாக வாங்கு என்றேன்.